நேரத்தையும் ஒளியையும் கட்டி மேய்ச்ச ஆளு நிஜமாவே ஒருத்தர் இருந்தாரு

உங்க கேள்விய நான் புரிஞ்சுக்கிட்டது இதுதான். நேரத்தையும் ஒளியையும் வச்சு இன்ஜினியரிங் பண்ற ஒரு கற்பனை கண்டுபிடிப்பாளர் பத்தி நாவல் எழுதுறீங்க. அவரு வாழ்க்கை நம்புற மாதிரி இருக்கணும், ஒரே ஆளு கடிகாரத்தையும் வெளிச்சத்தையும் ஏன் சேர்த்து புடிச்சுக்கிட்டு தொங்குறாருன்னு வாசகர் கேட்டா பதில் இருக்கணும், கடைசில அவர ஜெயிக்க விடறதா தோக்க விடறதான்னும் குழப்பம்.

நான் சொல்றது, கற்பனைய ஒரு வாரம் ஓரமா வச்சுட்டு கிறிஸ்டியான் ஹைகென்ஸ் வாழ்க்கைய படிங்க. பிளஸ் டூ இயற்பியல்ல "ஹைகென்ஸ் தத்துவம்"னு மனப்பாடம் பண்ணிருப்போம்ல, அலைமுகப்புல இருக்கிற ஒவ்வொரு புள்ளியும் ஒரு புது அலைய கிளப்புது அப்படின்னு, அந்த ஹைகென்ஸ்தான். ஊசல் கடிகாரம் செஞ்சதும் அதே ஆளுதான்னு எனக்கே காலேஜ் முடிச்சு ரொம்ப நாள் கழிச்சுதான் தெரிஞ்சுது, அதுவரைக்கும் அது வேற யாரோன்னு நினைச்சுட்டு இருந்தேன்.

1629 ஏப்ரல் 14, ஹாலந்துல ஹேக் ஊர்ல பொறந்தாரு. அப்பா கான்ஸ்டன்டைன் ஹைகென்ஸ் ஆரஞ்சு இளவரசர்களுக்கு செயலாளர், டச்சு மொழில பேர் சொல்ற கவிஞர் வேற. தத்துவவாதி டெகார்ட் வீட்டுக்கு வந்து போற அளவுக்கு பெரிய இடம். அம்மா இவருக்கு 8 வயசுல தவறிட்டாங்க. அப்பாவுக்கு புள்ள தன்ன மாதிரி அரசாங்க தூதரா ஆகணும்னு ஆசை, லைடன்ல சட்டம் படிக்க அனுப்புனாரு, பையன் கணக்குலயே கிடந்தான். நம்ம ஊர் கதை மாதிரியே இருக்குல்ல. ஆனா ஒரு வித்தியாசம், கண்டுபிடிப்பாளர்னா கிழிஞ்ச கோட்டு, வாடகை பாக்கி, ஒழுகுற கூரைன்னு எழுதறது வழக்கம், இவருக்கு காசு பிரச்சனையே கிடையாது. இவரோட எதிரி உடம்பு. அடிக்கடி படுத்துடுவாரு, தலைவலி, மனசு சோர்வு, மாசக்கணக்குல எந்திரிக்க முடியாது. கல்யாணமும் பண்ணிக்கல.

முதல்ல வந்தது ஒளி. அண்ணனும் (அவரு பேரும் கான்ஸ்டன்டைன்தான்) தம்பியும் வீட்டுலயே லென்ஸ் தேய்க்க ஆரம்பிச்சாங்க. லென்ஸ் தேய்க்கிறது எப்பேர்ப்பட்ட பொறுமை வேலைன்னு செஞ்சவங்களுக்குத்தான் தெரியும், குழிவான உலோகத் தட்டுல மணல் பொடி தண்ணி போட்டு கண்ணாடிய வட்ட வட்டமா மணிக்கணக்கா தேய்க்கணும், ஒரு பெரிய துகள் உள்ள மாட்டுனா மொத்த உழைப்பும் கீறலோட போச்சு. அப்படி தேய்ச்ச ஒரு லென்ஸ 12 அடி நீள தொலைநோக்கில போட்டு 1655 மார்ச் 25 அன்னைக்கு சனி கிரகத்த பாக்குறாரு, பக்கத்துல ஒரு புள்ளி. நாள் நாளா பாத்து அது 16 நாளைக்கு ஒரு தடவ சனிய சுத்துதுன்னு கண்டுபிடிச்சாரு, அதுதான் சனியோட நிலா டைட்டன். அந்த லென்ஸ் இன்னிக்கும் உட்ரெக்ட் பல்கலைக்கழக மியூசியத்துல இருக்கு, ஓரத்துல ரோமக் கவிஞர் ஓவிட் எழுதின ஒரு லத்தீன் வரிய பொறிச்சிருக்காங்க, தூரத்து நட்சத்திரங்கள நம்ம கண்ணுகிட்ட கொண்டு வந்தாங்கன்னு அர்த்தம். சனிக்கு காது மாதிரி ரெண்டு பக்கமும் ஏதோ ஒட்டிக்கிட்டு இருக்குன்னு கலிலியோ காலத்துலேந்து குழம்பிட்டு இருந்தாங்க, அது எங்கயும் ஒட்டாத தட்டையான வளையம்னு 1659ல புத்தகமா போட்டதும் இவருதான்.

நேரம் எங்க உள்ள வந்துச்சுன்னா, அந்தக் காலத்து மெக்கானிக்கல் கடிகாரம் ஒரு நாளைக்கு தோராயமா 15 நிமிஷம் முன்ன பின்ன போகும். அத வச்சு வானத்துல எந்த நட்சத்திரம் எப்ப கடந்துச்சுன்னு குறிச்சா ஒரு பிரயோஜனமும் இல்ல. கலிலியோ ஊசல் ஆடுறத பத்தி நிறைய யோசிச்சு, கடைசி காலத்துல கண்ணு தெரியாம போனப்புறம் மகன்கிட்ட ஒரு டிசைன் சொல்லி வரைய வச்சாரு, முழுசா செஞ்சு முடிக்கல. ஹைகென்ஸ் 1656 கிறிஸ்மஸ் சமயத்துல தன்னோட மாடல செஞ்சுட்டாரு, அடுத்த வருஷம் ஹேக்ல இருந்த சாலமன் காஸ்டர்ங்கிற கடிகாரக்காரர வச்சு தயாரிக்க ஆரம்பிச்சாங்க. தப்பு 15 நிமிஷத்துலேந்து ஒரு நாளைக்கு 15 செகண்ட் அளவுக்கு இறங்கிச்சு. இத கொஞ்சம் நின்னு யோசிங்க, நிமிஷ முள்ளுக்கு ஒரு அர்த்தம் வந்ததே அப்பதான். 27 வயசு பையன் செஞ்ச வேலை.

ஆனா அவருக்கு திருப்தி இல்ல. ஏன்னா ஊசல் பெருசா ஆடினாலும் சின்னதா ஆடினாலும் ஒரே நேரம் எடுக்கும்னு பள்ளிக்கூடத்துல சொல்லிக் குடுக்கிறது பாதி உண்மைதான், வீச்சு பெருசானா நேரம் கொஞ்சம் கூடும். ஊஞ்சல் பலகைய கூரை வரைக்கும் தூக்கி விட்டா மெதுவா வர்ற மாதிரி. அப்ப எந்தப் பாதைல ஆடினா நிஜமாவே ஒரே நேரம் வரும்? 1659 டிசம்பர்ல விடை கிடைச்சுது. மாட்டு வண்டி சக்கரத்து விளிம்புல ஒரு ஆணி இருக்குன்னு வச்சுக்கோங்க, வண்டி போக போக அந்த ஆணி காத்துல ஒரு வளைவு போடும்ல, அந்த வளைவ தலைகீழா திருப்புங்க. அதுல எந்த எடத்துலேந்து உருட்டி விட்டாலும் அடிக்கு வந்து சேர்ற நேரம் ஒண்ணுதான். மேலேந்து விட்டாலும் சரி, பாதிலேந்து விட்டாலும் சரி. இதுக்கு சைக்ளாய்டுன்னு பேரு.

சரி, நூல்ல தொங்குற குண்ட எப்படி அந்த வளைவுல ஆட வைக்கிறது? நூல் தொங்குற எடத்துல ரெண்டு பக்கமும் வளைஞ்ச தகடு வச்சாரு, குண்டு ஓரத்துக்கு போக போக நூல் தகட்டுல ஒட்டி சுத்திக்கும், நீளம் குறையும். அந்தத் தகடும் அதே சைக்ளாய்டு வளைவா இருந்தா போதும்னு கணக்கு போட்டு காட்டுனாரு. இந்த "நூல் ஒரு வளைவுலேந்து பிரிஞ்சு வர்றப்ப அதோட நுனி இன்னொரு வளைவ வரையும்"ங்கற விஷயத்த மறந்துடாதீங்க, உங்க ரெண்டாவது கேள்விக்கு பதில் இங்கதான் ஒளிஞ்சிருக்கு, பின்னாடி வர்றேன். (நடைமுறைல அந்தத் தகடு பெருசா உதவல, உரசல்னால வேற தப்பு வந்துச்சு, பின்னாடி வந்தவங்க ஊசல சின்ன வீச்சுல ஆட விட்டு தகட்டயே தூக்கிட்டாங்க. கணக்கு அழகு, கடிகாரத்துக்கு உபயோகம் கம்மி.)

உங்க நாவலுக்கு ஒரு சீன் வேணும்னா இத எடுத்துக்கோங்க. 1665 பிப்ரவரி, ஹைகென்ஸ் வழக்கம் போல உடம்பு சரியில்லாம படுக்கைல கிடக்காரு. கப்பலுக்காக செஞ்ச ரெண்டு ஊசல் கடிகாரம், ஒண்ணு நின்னா இன்னொண்ணு இருக்கட்டும்னு ரெண்டு, ஒரே கட்டைல பக்கத்துல பக்கத்துல தொங்குது. வேற வேலை இல்லாததால அதயே பாத்துட்டு இருக்காரு. ரெண்டு ஊசலும் துல்லியமா எதிர் எதிரா ஆடுது, ஒண்ணு இடது போனா மத்தது வலது. ஏதோ தற்செயல்னு எந்திரிச்சு போய் ஒண்ண கலைச்சு விடறாரு. அரை மணி நேரத்துல திரும்பவும் அதே எதிர் ஆட்டம். காத்து அசைவுனாலயோன்னு நடுவுல பலகை வச்சு மறைச்சு பாக்குறாரு, அப்பவும் அதே. கடிகாரங்கள தள்ளி தள்ளி மாட்டுனா மட்டும் விட்டுப் போகுது. கடைசில புரியுது, கண்ணுக்கே தெரியாத அளவு அந்தக் கட்டை அசையுது, அது வழியா ரெண்டும் பேசிக்குது. அவரு இதுக்கு வச்ச பேரு "பரிவு". வீட்டுல ரெண்டு மெட்ரோனோம் (பாட்டு கத்துக்கிறவங்க தாளத்துக்கு வைக்கிற டிக் டிக் கருவி) கிடைச்சா ஒரு லேசான பலகைய ரெண்டு உருளை டப்பா மேல வச்சு அது மேல ஓட விட்டுப் பாருங்க, கொஞ்ச நேரத்துல ரெண்டும் சேர்ந்து டிக் டிக்குன்னு ஒரே தாளத்துக்கு வந்துடும், எதிர் ஆட்டத்துக்கு பதிலா ஒண்ணா ஆடும், ஆனா காரணம் அதேதான். எனக்கு முதல் தடவ பாத்தப்ப புல்லரிச்சுது.

அடுத்து அவரோட சங்கடமான பக்கம். 1659 வாக்குல ஒரு பெட்டிக்குள்ள விளக்க வச்சு, கண்ணாடில வரைஞ்ச படத்த லென்ஸ் வழியா சுவர்ல பெருசா விழ வைக்கிற கருவி ஒண்ணு செஞ்சாரு, நம்ம புரொஜெக்டருக்கெல்லாம் தாத்தா. அதுக்கு அவரே வரைஞ்ச படங்கள் இருக்கு, ஒரு எலும்புக்கூடு தன் தலைய தானே கழட்டி கைல வச்சுக்கிட்டு திரும்ப மாட்டுது, படம் படமா, அசையுற மாதிரி. இவ்ளோ அற்புதமான சரக்க செஞ்சுட்டு மனுஷன் அதுக்காக வெட்கப்பட்டாரு. 1662ல அப்பா பாரிஸ்ல பெரிய மனுஷங்களுக்கு வேடிக்கை காட்டணும், ஒண்ணு செஞ்சு அனுப்புன்னு கேட்டப்ப, நம்ம குடும்ப கௌரவம் என்னாகும்னு பயந்துட்டு, பாரிஸ்ல இருந்த தம்பி லோடவைக்குக்கு எழுதுறாரு, பெட்டி வந்ததும் உள்ள இருக்கிற லென்ஸ்ல ஒண்ண கழட்டிடு, வேலை செய்யாத மாதிரி ஆகிடும்னு. அப்பாவ நேரா முடியாதுன்னு சொல்ல தைரியம் இல்லாத ஒரு மேதை. இத நீங்க கற்பனைல எழுதினா எடிட்டர் நம்ப மாட்டாரு.

1666ல பதினாலாம் லூயி ராஜாவோட மந்திரி கோல்பேர் இவர பாரிஸுக்கு கூப்பிட்டாரு, புதுசா ஆரம்பிச்ச அறிவியல் அகாடமில முக்கியமான ஆளா, ராஜா லைப்ரரிலயே தங்க எடம் குடுத்து. அங்கதான் பின்னாடி பெரிய கணித மேதையான லைப்னிட்ஸ் இளம் வயசுல வந்து இவர்கிட்ட கணக்கு கத்துக்கிட்டாரு. 1675ல பாரிஸ்ல இன்னொரு பெரிய வேலை, சுருள் ஸ்பிரிங். ஊசல பாக்கெட்ல வச்சுட்டு நடக்க முடியாதுல்ல, அதனால ஊசலுக்கு பூமியோட இழுவிசை என்ன வேலை செய்யுதோ அத ஒரு சின்ன சக்கரத்துக்கு ஸ்பிரிங் செய்யும். வாட்ச் கடைல மெக்கானிக்கல் வாட்ச் பின்மூடிய கழட்டினா உள்ள மூச்சு விடற மாதிரி விரிஞ்சு சுருங்குமே, ஹேர்ஸ்பிரிங், அது இதுதான்.

வில்லன் வேணும்னு நீங்க தேட வேண்டியதில்ல. ஐடியாவ மாடலா செஞ்சு குடுத்த பாரிஸ் கடிகாரக்காரர் ஐசக் துரே, சில நாள்லயே இன்னொண்ணு செஞ்சு தன்னோடதுன்னு மந்திரிகிட்டயே காட்டிட்டாரு, பெரிய சண்டையாகி கடைசில மன்னிப்பு கேட்டாரு. லண்டன்ல விஞ்ஞானி ராபர்ட் ஹூக் "இது என்னோட பழைய ஐடியா"ன்னு கொந்தளிச்சு இங்கிலாந்து ராஜாவுக்கு ஒரு வாட்ச் செய்ய வச்சு அதுல "ஹூக் 1658ல கண்டுபிடிச்சது"ன்னே பொறிக்க வச்சாரு. ஹூக் ஸ்பிரிங் பத்தி முன்னாடியே யோசிச்சது உண்மை, ஆனா சுருள் ஸ்பிரிங்ல ஓடுற வாட்ச்ச முதல்ல வெளில காட்டினது ஹைகென்ஸ், என் ஓட்டு அவருக்குத்தான்.

இப்ப உங்க ரெண்டாவது கேள்வி, ஒரே ஆளு ஏன் ரெண்டையும். சும்மா பல துறை மேதைன்னு எழுதி தப்பிச்சுடாதீங்க, இவருக்கு ஒளியே ஒரு டைமிங் விஷயம். 1676ல ஓலே ரோமர்ங்கிற டேனிஷ்காரர் பாரிஸ்ல உக்காந்து வியாழனோட நிலா மறையுற நேரத்த குறிச்சுட்டே வந்து, பூமி தள்ளிப் போறப்ப அது லேட்டாகுது, கிட்ட வர்றப்ப சீக்கிரமாகுது, அதனால வெளிச்சம் வந்து சேர நேரம் எடுக்குதுன்னு சொன்னாரு. நிறைய பேர் நம்பல. இத சாத்தியமாக்கினதே ஊசல் கடிகாரம்தான், அது இல்லாம சில நிமிஷ தாமதத்த எத வச்சு அளப்பீங்க. ஹைகென்ஸ் அந்தக் கணக்க எடுத்து ஒளியோட வேகத்த போட்டாரு, இன்னிக்கு கணக்குல செகண்டுக்கு 2 லட்சத்து சொச்சம் கிலோமீட்டர் வருது. உண்மை 2,99,792. ரோமர் பூமியோட பாதைய குறுக்கா கடக்க 22 நிமிஷம்னு எடுத்தாரு, நிஜத்துல 16 முக்காலுக்கும் கொஞ்சம் கம்மி, அதோட தூரமும் அன்னிக்கு சரியா தெரியாது, அதனாலதான் குறைஞ்சது. அளவு சரியான கட்டத்துல இருக்கிறதே எனக்கு ஆச்சரியம்.

ஒளிக்கு வேகம் இருக்குன்னா எல்லாமே "எது எப்ப வந்து சேருது"ன்னு ஆகிடுது. அவரோட அலைமுகப்புக்கு அர்த்தமே அதுதான், ஒரே நேரத்துல வந்து சேர்ற எடங்கள இணைக்கிற கோடு. கண்ணாடிக்குள்ள வெளிச்சம் மெதுவா போகுது, ஒரு பக்கம் முன்னாடி நுழைஞ்சு பின்தங்குது, அதனால முகப்பு திரும்புது, அதுதான் ஒளிவிலகல். சேத்துல ஒரு பக்க சக்கரம் இறங்கினா வண்டி அந்தப் பக்கம் திரும்புமே அது மாதிரி.

அப்புறம் அந்த நூல் விஷயம். காலைல ஜன்னல் வெளிச்சத்துல காபி டம்ளர சாய்ச்சு பாருங்க, உள்ள காபி மேல ரெண்டு வளைவு ஒரு கூர்ல சேர்ற மாதிரி பளிச்சுனு ஒரு கோடு விழும். டம்ளரோட வளைஞ்ச சுவர்ல பட்டு திரும்பின கதிரெல்லாம் நெருக்கியடிச்சு நிக்கிற எடம் அது. அந்தக் கோட்டு மேல ஒரு நூல சுத்தி இழுத்து பிடிச்சு பிரிச்சுட்டே வந்தா அதோட நுனி வரையிற வளைவு என்ன தெரியுமா, அலைமுகப்பு. கடிகாரத் தகட்டுலேந்து ஊசல் நூல் பிரியுற அதே கணக்கு, 1659ல நேரத்துக்காக செஞ்சத ஒளி பத்தின புத்தகத்துல லென்ஸுக்கும் கண்ணாடிக்கும் எடுத்துப் போட்டிருக்காரு. உங்க கண்டுபிடிப்பாளருக்கு ஒரே ஒரு கருவிதான் தரலாம்னா நான் ஒரு நூலும் ஒரு வளைஞ்ச தகடும் குடுப்பேன்.

ஒளி வேலைல அவரோட உச்சம் ஐஸ்லாந்து படிகம், கண்ணாடி மாதிரி தெளிவான ஒரு கல்லு. எழுத்து மேல வச்சா ஒண்ணு ரெண்டா தெரியும், இரட்டை ஒளிவிலகல். இத தன்னோட அலைய வச்சு விளக்க முட்டி மோதி, ஒரு அலை பந்து மாதிரி பரவுது இன்னொண்ணு அமுக்கின பந்து மாதிரி பரவுதுன்னு வச்சா எல்லாம் பொருந்துதுன்னு தெரிஞ்ச அன்னிக்கு, 1677 ஆகஸ்ட் 6, நோட்டுல கிரேக்க எழுத்துல "யுரேகா"ன்னு எழுதி தேதி போட்டிருக்காரு. ஆனா ஒரு படிகத்துல பிரிஞ்ச வெளிச்சத்த ரெண்டாவது படிகம் வழியா விட்டு அத திருப்பினா ஒரு பிம்பம் மங்கிப் போய் இன்னொண்ணு பிரகாசமாகுது, இது ஏன்னு திருப்தியா காரணம் கண்டுபிடிக்க முடியலன்னு புத்தகத்துலயே ஒத்துக்கிட்டு மத்தவங்க தேடட்டும்னு விட்டுட்டாரு. மாட்டிக்கிட்டது எங்கன்னா, அவரு ஒளி அலை சத்தம் மாதிரி முன்ன பின்ன அசையும்னு நினைச்சாரு, குறுக்கா அசையும்னு தோணல.

1681ல உடம்பு ரொம்ப முடியாம ஹாலந்து திரும்பினவரு பாரிஸுக்கு மறுபடி போகவே இல்ல. ஆதரிச்ச கோல்பேர் 1683ல இறந்துட்டாரு, 1685ல பிரான்ஸ்ல புராட்டஸ்டண்ட்களுக்கு இருந்த உரிமைய ராஜா ரத்து பண்ணிட்டாரு, இவரு புராட்டஸ்டண்ட். 1689ல லண்டன் போய் நியூட்டன நேர்ல பாத்தாரு, 1690ல ஒளி புத்தகம் வெளிவந்துச்சு, 1695 ஜூலை 8 ஹேக்லயே காலமானாரு.

ஜெயிச்சாரா தோத்தாரா? வாழ்நாள் கனவு கடல்ல தீர்க்கரேகை (கிழக்கு மேற்குல கப்பல் எங்க இருக்குங்கறது, அதுக்கு புறப்பட்ட ஊர் நேரம் துல்லியமா தெரியணும்) கண்டுபிடிக்கிற கடிகாரம், அதுல தோல்வி. கப்பல் ஆடுனா ஊசல் என்ன பண்ணும், பாவம். ஒரு ஆங்கில கேப்டன் 1665ல பிரமாதமா வேலை செஞ்சுதுன்னு ரிப்போர்ட் குடுத்தாரு, அது கொஞ்சம் ஜோடிச்ச ரிப்போர்ட்னு அப்பவே சந்தேகம். 1672ல பிரெஞ்சுக்காரர் ரிஷேர் பூமத்திய ரேகைக்கு பக்கத்துல கயேன் போனப்ப நல்லா ஓடுன ஊசல் கடிகாரம் நாளைக்கு இரண்டரை நிமிஷம் ஸ்லோ ஆச்சு, ஊசல 3 மில்லிமீட்டருக்கு கொஞ்சம் கம்மியா குட்டையாக்க வேண்டி வந்துச்சு. பூமி சுழற்சினால அங்க இழுவிசை கம்மி. 1687ல ஆப்பிரிக்காவோட தெற்கு பக்கம் இருக்கிற நன்னம்பிக்கை முனைலேந்து திரும்பின டச்சு கப்பலோட கடிகாரத்த அப்படியே நம்பினா கப்பல் அயர்லாந்து, ஸ்காட்லாந்து நிலத்துக்கு மேல பயணம் போன மாதிரி வந்துச்சு. ஹைகென்ஸ் பூமி சுழற்சிக்கு திருத்தம் போட்டதும் பாதை திரும்ப கடலுக்குள்ள வந்துச்சு. ஆனா மாலுமிக்கு இதெல்லாம் ஆகுற கதையா. கடைசில 1761ல ஆங்கில கடிகாரக்காரர் ஜான் ஹாரிசனோட கடிகாரம் ஜமைக்கா போய் அந்தப் பிரச்சனைய தீர்த்துச்சு, அதுக்குள்ள ஊசல் இல்ல, சுருள் ஸ்பிரிங் இருந்துச்சு.

ஒளிலயும் ரொம்ப நாள் தோல்விதான். நியூட்டன் ஒளிய துகள்னு எடுத்துக்கிட்டாரு, அவரு பேருக்கு முன்னாடி அலை ஒரு நூறு வருஷம் மூலைல கிடந்துச்சு, யங், ஃப்ரெனல்னு ரெண்டு விஞ்ஞானிகள் 1800க்கு அப்புறம் வந்துதான் எடுத்து தூசி தட்டினாங்க. கறாரான சோதனை ஒண்ணு பாக்கி இருந்துச்சு, துகள்னா தண்ணிக்குள்ள ஒளி வேகமா போகணும், ஹைகென்ஸ் சொன்னபடின்னா மெதுவா. 1850ல பாரிஸ்ல லியோன் ஃபூக்கோ ஒரு கண்ணாடிய படு வேகமா சுழல விட்டு காத்துல எவ்ளோ நேரம், தண்ணில எவ்ளோ நேரம்னு ஒப்பிட்டு பாத்தாரு, தண்ணில மெதுவா. அடுத்த வருஷம் அதே ஃபூக்கோ பாந்தியோன் கட்டடத்து குவிமாடத்துலேந்து 67 மீட்டர் கம்பில 28 கிலோ குண்ட தொங்க விட்டு, அது ஆடுற திசை மெல்ல மெல்ல திரும்புறத ஊருக்கே காட்டினாரு, பூமி சுழலுறத ஒரு ஊசல்ல.